சரி போடாத பதினோராம் பக்கம்

மச்சான்,

நேற்று உன் மகள் கர்க்லாண்டுப் புறநகருக்கு என் வீடு தேடி வந்தாள். கோட்-டெ-நெய்ஜில் நீ நாற்பது வருடத்துக்கு மேல் இருந்த அந்த மூன்றாம் மாடி வீட்டை இந்த மாத முடிவுக்குள் காலி செய்து கொடுக்க வேண்டுமாம். கையில் ஒரு சப்பாத்துப் பெட்டி. மூடியைத் திறந்ததும் மணம் மூக்கில் ஏறியது. காய்ந்த அட்டை, அச்சு மை, கொஞ்சம் இயந்திர எண்ணெய். இந்த மணம் உலகத்தில் இன்னும் மிச்சம் இருக்கிறதென்று நான் நினைக்கவில்லை. நம்முடைய கணினி அட்டைகள், துளை போட்டபடி அப்படியே. சுற்றியிருந்த ரப்பர் வளையம் நான் தொட்டதும் பொடிந்து விழுந்தது.

அட்டைகளுக்கு அடியில் நாலாக மடித்த ஒரு தாள். அவள் கேட்க வந்தது அதைப் பற்றித்தான்.

“அங்கிள், அப்பா இதை மட்டும் பிளாஸ்ரிக் உறையிலை போட்டு வைச்சிருந்தவர். முக்கியமானதோ? இல்லாட்டி றீசைக்கிளுக்குப் போடட்டோ?”

மேல் மூலையில் பதினொன்று என்ற இலக்கத்தைக் கண்டேன். கண்ணாடி எடுத்து வருகிறேன் என்று சொல்லிவிட்டுக் குசினிக்குள் போய் நின்றேன். கண்ணாடி என் மூக்கில்தான் இருந்தது.

உனக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. ஆனாலும் ஒருமுறையாவது முழுதாகச் சொல்லவேண்டும். நீ இருந்தபோது சொல்லாதவன் இப்போது கடதாசியில் சொல்கிறேன். வெட்கம்கெட்ட வேலைதான்.

நாம் அந்த விமானக் கம்பனியில் சேர்ந்த காலத்தில் இறக்கையின் பலத்தை ஆட்கள் மாதக்கணக்கில் இருந்து கையால் கணித்தார்கள். புதிதாக வந்த கணினிப் புரோகிராம் அதை ஒரு நாளில் செய்துவிடும் என்றார்கள். இறக்கைக்குள் இருக்கும் சட்டங்களைச் சின்னத் துண்டுகளாகப் பிரித்து, ஒவ்வொன்றும் எவ்வளவு விறைப்பு என்று இலக்கமாகக் கொடுக்க வேண்டும். கணினி அவற்றையெல்லாம் மேட்ரிக்ஸ் என்ற பெரிய இலக்கச் சதுரத்தில் அடுக்கி, எந்தத் துண்டில் எவ்வளவு பாரம் ஏறும் என்று சொல்லும். கட்டம் போட்ட தாளில் இலக்கங்களை எழுதுவது நான். அதைப் பார்த்து அட்டையில் துளை போடுவார்கள். அட்டையிலிருந்து கணினி வாசித்ததைப் பட்டியலாக அச்சடித்துத் தரும். அந்தப் பட்டியலை வரைபடத்தோடு ஒப்பிட்டு, ஒவ்வொரு இலக்கத்துக்கும் பக்கத்தில் சிவப்புப் பென்சிலால் சரி போடுவது நீ.

எழுதியவனே சரி பார்க்கக் கூடாது என்பது அங்கே சட்டம். எழுதுகிறவன் பிழை விடத்தான் செய்வான், அதற்குத்தான் இரண்டாவது ஆள். பிழை தப்பிப் போனால் கேள்வி எழுதியவனிடம் வராது, சரி பார்த்துக் கையெழுத்து வைத்தவனிடம்தான் வரும்.

நீ இலக்கங்களைத் தமிழில் முணுமுணுத்தபடிதான் பார்ப்பாய். “ஒண்டு, பூச்சியம், ஏழு” என்று தேவாரம் படிப்பதுபோல ஓர் இழுவை. அடுத்த மேசைப் பிரெஞ்சுக்காரன், இவர் காலையில் செபம் செய்கிறாரா என்று என்னிடம் மெல்லக் கேட்டான். ஓம், செபம்தான் என்று சொல்லிவிட்டேன். அன்றுமுதல் நீ பட்டியலைக் கையில் எடுத்தால் அவன் ரேடியோவை நிறுத்திவிடுவான். உனக்கு இது கடைசிவரை தெரியாது. விடை அச்சாகி வரும்போது மட்டும் தலை நிமிர்ந்து சொல்வாய்: “விறைச்சு நிக்கிறவன்ரை தலையிலைதான் பாரம் ஏறும் மச்சான். வளையிறவன் தப்பிவிடுவான்.”

அந்த ஏப்ரல் நாளில் நீ குடிவரவுக் கந்தோருக்குப் போக வேண்டியிருந்தது. உன் மனைவியையும் மகளையும் யாழ்ப்பாணத்திலிருந்து கூப்பிடும் பத்திரங்களோடு, உனக்கு வேலை இருக்கிறது என்ற கம்பனிக் கடிதத்தையும் கொடுக்க வேண்டும். பத்துப் பக்கம் முடித்திருந்தாய். 

“கடைசிப் பக்கம் ஒண்டு கிடக்கு மச்சான். நான் பின்னேரம் வந்து பாக்கட்டோ?”

“நீ கந்தோருக்குப் போட்டு வா. ஒரு பக்கம்தானே, நானே பாக்கிறன்.”

பார்க்கவில்லை. ஆறு மாதக் குளிருக்குப் பிறகு வந்த முதல் வெயில் அது. எல்லோரும் மேல்கோட்டைக் கழற்றிவிட்டு வெளியே நின்றார்கள். நானும் போய் வெளியே கிடந்த மர வாங்கில் உட்கார்ந்து முகத்தை வெயிலுக்குக் கொடுத்தேன். ஊரில் வெயிலைக் கண்டால் குடை தேடுகிறவன் நான். நான் எழுதிய இலக்கத்தில் என்ன பிழை வரப்போகிறது என்ற கொழுப்பும் இருந்தது. நீ வேர்க்க விறுவிறுக்க ஓடி வந்தாய். 

“பாத்தனியோ?”

“பாத்திட்டன். எழுத்தை வை.”

தாளின் அடிப்பகுதியை மட்டும் உன்பக்கம் நீட்டினேன். நீ என் முகத்தைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே கையெழுத்து வைத்தாய். கந்தோரில் கடிதத்தை ஏற்றுக்கொண்ட சந்தோஷம் உனக்கு.

இருபத்துமூன்றாவது வரியில் ஓர் இலக்கத்தை நான் ஒரு கட்டம் இடப்பக்கம் தள்ளி எழுதியிருந்தேன். நம் அட்டைகளில் தசமப் புள்ளி போடுவதில்லை, நிற்கும் இடத்தைப் பொறுத்துத்தான் பெறுமதி. ஒரு கட்டம் தள்ளினால் பத்து மடங்கு. கணினி பாவம், அந்தத் துண்டு மிகவும் விறைப்பு என்று நம்பி, பாரத்தையெல்லாம் அதன் தலையில் ஏற்றிவிட்டது. பக்கத்துத் துண்டுக்குச் சுமை இல்லை என்று காட்டியது, அதை மெல்லிதாகச் செய்தார்கள். இறக்கையைத் தரையில் வைத்து இழுத்துச் சோதித்தபோது, தாங்கவேண்டிய பாரத்தில் பாதிக்கே பக்கத்துத் துண்டு நெளிந்துபோனது. ஒருவருக்கும் காயமில்லை. ஆனால் யாராவது பதில் சொல்லியாக வேண்டும்.

மேலாளர் பதினோராம் பக்கத்தை நம் மேசையில் போட்டார். வெறும் இலக்கங்கள். ஒரு சிவப்புச் சரிகூட இல்லை. அடியில் உன் கையெழுத்து.

“இது யார் பார்த்தது?”

நீ என்னைப் பார்த்தாய். ஒரே ஒரு தடவை. நான் பென்சில் சீவினேன். நல்ல கூராக இருந்த பென்சில் அது. பிறகு உன் குரல் கேட்டது. “நான்தான் கையெழுத்து வைத்தேன், சேர்.” எனக்கு வேலை நிரந்தரமாகி மூன்று மாதம். உனக்கு இன்னும் ஆகவில்லை. அந்த வெள்ளிக்கிழமையோடு உன்னை நிறுத்தினார்கள். கம்பனிக் கடிதமும் செல்லாமல் போயிற்று. மூன்று வயதில் வந்து சேர வேண்டிய உன் பிள்ளை ஏழு வயதில் வந்தாள்.

உன்னிடம் கார் இல்லை என்று விமான நிலையத்துக்கு என் காரில்தான் போனோம். நீ ஊருக்கு அனுப்பிய படத்தில் கோட்டும் ரையுமாக இருந்தாய். அன்று புவாண்ட்-கிளேர்ப் பண்டகசாலையிலிருந்து சீருடையோடு வந்திருந்தாய். கோட்டும் ரையுமாக நின்றவன் நான். “அப்பாட்டை ஓடு” என்று தாய் சொன்னதும் பிள்ளை ஓடிவந்து என் காலைக் கட்டிக்கொண்டாள். நீ பெரிதாகச் சிரித்தாய். கார் வரைக்கும் பெட்டிகளை நீதான் தூக்கினாய். அன்று நீ என்னை அறைந்திருந்தால் நான் மனிதனாகியிருப்பேன்.

நீ அறையவில்லை. முப்பது வருடம் பெட்டிகளை அடுக்கினாய். ஒவ்வொரு தைப்பொங்கலுக்கும் என்னைக் கூப்பிட்டாய். நான் பழங்களோடு வந்து, சாப்பிட்டு, காலநிலை கதைத்துவிட்டு வெளிக்கிட்டேன். சொல்ல வேண்டும் என்று ஒவ்வொரு முறையும் படியேறினேன், ஒவ்வொரு முறையும் சொல்லாமலே இறங்கினேன். போன மாசியில் ஆஸ்பத்திரியில் இதற்கென்றே வந்தேன். கதிரையை இழுத்து உன் கட்டிலுக்குக் கிட்டப் போட்டேன். நீ யன்னல் பக்கம் பார்த்துவிட்டு, “வெளியிலை நல்ல வெயில் போலை” என்றாய். நான் கதிரையைப் பழைய இடத்தில் வைத்துவிட்டு வந்துவிட்டேன். நான் அந்த வாங்கில் இருந்ததை யாராவது உனக்குச் சொன்னார்களா? இல்லை, வெறுமனே வெயிலைத்தான் சொன்னாயா? இனி யாரிடம் கேட்பேன்? மூன்றாம் நாள் உன் மகள் தொலைபேசியில் அழுதாள்.

குசினியிலிருந்து திரும்பி வந்து தாளை விரித்தேன். உன்னிடம் இருந்தது, அச்சடிக்கும்போதே கரித்தாளில் கூட விழும் அந்தப் பக்கத்தின் பிரதி. வெறுமையாக இருக்கும் என்று நினைத்துத்தான் விரித்தேன், மச்சான். 

எல்லா வரிக்கும் சரி போட்டிருந்தாய். மேலிருந்து கீழ்வரை, ஓர் இலக்கம் விடாமல், அதே சின்னச் சிவப்புச் சரிகள். இருபத்துமூன்றாவது வரியில் மட்டும் ஒரு வட்டம். பக்கத்தில் சரியான இலக்கம், சரியான இடத்தில், உன் கையெழுத்தில். வேலை போனபின் வீட்டில் தனியே இருந்து, ஒருவரும் கேட்காத அந்தப் பக்கத்தைப் பார்த்து முடித்திருக்கிறாய். நான் பார்க்கிறேன் என்று சொன்ன பக்கத்தை. எத்தனை நிமிடம் எடுத்திருக்கும்? பதினைந்து? இருபது?

உன் மகள் சாவியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றாள். தலை முன்பக்கம் நரைத்துவிட்டது அவளுக்கு. சொல்லிவிட இதைவிட நல்ல இடம் கடவுளாலும் தர முடியாது. 

“என்ன அங்கிள் அது?”

“ஒண்டுமில்லை, பிள்ளை. பழைய வேலைத் தாள்.”

“வடிவாப் பாத்தனீங்களோ?”

“பாத்திட்டன்” என்றேன்.