தனித் தம்ளர்

8.2.1976, ஞாயிறு
மாதா கோயிலில் பூசை முடிந்ததும் சாமியார் நாலு தாள் கொடுத்தார். புதிதாக மொழிபெயர்க்கிற வேத வசனங்களாம். வீட்டில் சத்தமாகப் படித்துக் காட்டி, கேட்டவர்களுக்குப் புரிந்ததா என்று வந்து சொல்ல வேண்டும். படித்தவன், கம்பெனி ஸ்டோர்ஸ் குமாஸ்தா என்பதால் எனக்கு இந்த மரியாதை. கேட்பதற்கு வீட்டில் ஆள் இருக்கிறாள். டி.பி. வந்ததிலிருந்து என் மனைவி வீரம்மாள் குவார்ட்டர்ஸ் வாசலைத் தாண்டுவதில்லை.

10.2.76
கடவுளின் இயல்பிலேயே மனிதருக்குப் பங்கு உண்டு என்கிற வரியைப் படித்தேன். சந்தோஷப்படுவாள் என்று நினைத்தேன். முகம் சுண்டிப்போனது.
"அவரு கொணம் நமக்கு ஒட்டிக்கினா, நம்முளுது அவருக்கு ஒட்டாதா?"
காடாம்புலியூர் முந்திரித் தோப்பில் கூலிக்குப் போன காலமெல்லாம், குனிந்து கையேந்தி, உயரத்திலிருந்து ஊற்றிய தண்ணீரைக் குடித்தவள்.

15.2.76
சாமியார் வீட்டுக்கே நற்கருணை கொண்டுவந்தார், ஆண்டவரின் உடலான அப்பம். வீரம்மாள் வாயைத் திறக்கவில்லை.
"ரத்தம் கக்குற வாயிங்க சாமி. இதுல ஆண்டவர வெக்காதீங்க."
கடவுளுக்குத் தீட்டே கிடையாது என்று அவர் எவ்வளவோ சொன்னார். எல்லாவற்றுக்கும் தலையை ஆட்டினாள். வாய் மட்டும் மூடியே இருந்தது.
நான் எதற்கு அந்த வரியைப் படித்தேன்?

16.2.76
இரண்டாம் ஷிப்ட். வேலையே ஓடவில்லை.

3.3.76
எலும்பும் தோலுமாகக் கிடக்கிறாள். நற்கருணை வாங்காமலே போய்விடுவாளோ என்று பயம். பயம் கோபமாகிவிட்டது. எனக்கும் மகள் செசிலிக்கும் ஆகாது என்று அவள் தனக்கென வைத்திருக்கும் தம்ளர் — தொடவே விடமாட்டாள் — அதை எடுத்து, அவள் குடித்து வைத்த மிச்சக் கஞ்சியை அவள் கண்ணெதிரே குடித்தேன்.
"அய்யோ, உனக்கு ஒட்டிக்கும்யா!"
"ஒட்டட்டும். தெரிஞ்சிதான் குடிக்கிறேன். ஆண்டவரும் தெரிஞ்சிதான் வராரு, போ."
வெகுநேரம் அழுதாள்.

4.3.76
சாமியாரைக் கூப்பிடச் சொன்னாள். வாயைத் திறந்தாள்.

9.3.76
அடக்கம் முடிந்தது. தம்ளரைத் தூக்கிப் போடச் சொன்னார்கள். எனக்கு மனசு வரவில்லை.

22.8.76, ஞாயிறு
தாள்களை இன்றுதான் திருப்பிக் கொடுத்தேன்.
"கடவுள் இயல்புல நமக்குப் பங்குங்கிற அந்த வரி வீட்ல புரிஞ்சுதா, ராயப்பா?" என்று கேட்டார் சாமியார்.
"புரிஞ்சிதுங்க சாமி."
அதற்குமேல் இருமல் பேச விடவில்லை. நாளைக்கு எக்ஸ்ரே எடுக்க வேண்டும்.
வீட்டுக்கு வந்ததும் செசிலி கஞ்சி ஊற்ற வந்தாள். பரணிலிருந்து தம்ளரை எடுத்து நீட்டினேன்.
"அது அம்மாவுதுப்பா."
"இதுலயே ஊத்தும்மா. கொஞ்சம் தள்ளி நின்னு ஊத்து."