அலுமாரிக்குள் சந்தித்தவர்கள்

ரொறன்ரோ
ஞாயிறு பின்னேரம்

அன்பின் வாகீசனுக்கு,

உங்கள் இரண்டு கடிதங்களும் கிடைத்தன. பதில் எழுதாததற்கு வேலையோ சுகவீனமோ காரணமில்லை. பரோல் சபைக்கு என்னிடமிருந்து ஒரு கடிதம் வேண்டுமென்று கேட்டிருந்தீர்கள். விடுதலையானால் என்னோடு வந்து இருக்கலாம் என்று நான் ஒப்புக்கொண்டு எழுத வேண்டும். என்ன சொல்வதென்று தெரியாமல்தான் பேசாமல் இருந்தேன். இன்று ஓரளவு தெரிகிறது. உங்கள் கடிதங்களைத் திறந்து பார்க்கும் அதிகாரிக்குத் தமிழ் தெரியாது என்று நம்புகிறேன். தெரிந்தால் அவருக்கும் என் வணக்கம்.

கௌசி ஒட்டாவாவில் ஒழுங்காகப் படிக்கிறாள். நான் அழைத்தால் கதைப்பாள். உங்கள் பேச்சை எடுத்தால் மட்டும் ‘அம்மா, கிளாஸுக்கு லேட்’ என்பாள், ஞாயிற்றுக்கிழமையிலும். அவளுக்குக் கோபம் ஆறவில்லை. வற்புறுத்த எனக்கு மனமில்லை.

அஜக்ஸில் இருந்த எங்கள் வீட்டை விற்றபின் நான் வந்திருக்கும் இந்த ஸ்காபரோ அப்பார்ட்மென்டை நீங்கள் பார்த்ததில்லை. ஒன்பதாம் மாடி. யன்னலால் பார்த்தால் நெடுஞ்சாலை தெரியும். நீங்கள் வேலை செய்த கம்பனி இருக்கும் பிறம்ரன் பக்கம் போகும் ட்ரக்குகளைப் பார்த்தபடி தேநீர் குடிப்பேன். இந்த வீட்டில் நீங்கள் ஒரு நாளும் இருந்ததில்லை. ஆனாலும் இது நீங்கள் இல்லாத வீடாகத்தான் இருக்கிறது.

உங்களுக்குத் தெரியாத ஒன்றையும் சொல்ல வேண்டும். கேட்பவர்கள் எல்லோரிடமும் உங்களுக்கு அல்பேட்டாவில் வேலை என்று சொல்லி வைத்திருக்கிறேன். எண்ணெய்க் கம்பனி, கடுங்குளிர், நல்ல சம்பளம், லீவுதான் தருகிறார்களில்லை. எனக்கு இப்படிச் சொல்ல வருமென்று நான் நினைத்திருக்கவில்லை.

இன்று வேரோனிக்கா அன்ரி என்னை நூலகத்துக்குக் கூட்டிக்கொண்டு போனார். அஜக்ஸில் பக்கத்து வீட்டில் இருந்தாரே, அவர்தான். இப்போது மகன் றிச்சர்டோடு இங்கே நாலு தெரு தள்ளி இருக்கிறார். ஞாயிறுகளில் நூலகத்தில் பழைய படம் போடுகிறார்கள். இன்றைய படம் சினிமா பேசத் தொடங்கிய புதிதில் எடுத்தது. அப்போது மைக்கைப் பூச்சாடிக்குள் ஒளித்து வைப்பார்களாம். அதனால் காதலர்கள் எங்கே நின்றாலும் பேசுவதற்குப் பூச்சாடியடிக்கு வந்துவிடுகிறார்கள். சனம் விழுந்து விழுந்து சிரித்தது.

படத்தில் ஒருவனும் ஒருத்தியும் ஹோட்டல்களில் நகை திருடுபவர்கள். தனித்தனியாகத் திருட வந்து, ஆள் வரும் சத்தம் கேட்டு, ஒரே அலுமாரிக்குள் ஒளிந்தபோதுதான் சந்திக்கிறார்கள். அதற்குப் பிறகு களவும் காதலும் ஒன்றாகவே நடக்கின்றன. உலகத்துக்கெல்லாம் பொய் சொல்லலாம், தங்களுக்குள் கூடாது என்பது அவர்கள் பேச்சு. கடைசியில் ஆபத்தான ஒரு களவுக்கு, அவளாவது தப்பட்டும் என்று, அவளுக்குச் சொல்லாமல் அவன் தனியாகப் போய்ப் பிடிபடுகிறான். அவள் பொலிசுக்கு ஓடி வருகிறாள். ஏன் களவெடுத்தாய் என்று அவள் கேட்கவில்லை. எனக்கு ஏன் சொல்லவில்லை என்றுதான் கேட்டாள்.

‘உவளுக்கென்ன விசரே? தப்பினன் எண்டு சந்தோசப்படுறதை விட்டிட்டு’ என்றார் அன்ரி, முன்வரிசைக்கும் கேட்கும்படி. எனக்கு அவள் கேட்டதுதான் சரியென்று பட்டது.

பிறகு கோப்பிக் கடையில் இருந்தபோது அன்ரி, றிச்சர்ட் வருகிற கிழமை அல்பேட்டாவில் கல்கரிக்குப் போகிறான், உன் மனுசனுக்கு ஏதும் கொடுத்துவிடுவதென்றால் தா, அட்ரசையும் சொல் என்றார். ஒரு தெருப் பெயர்கூட என் வாயில் வந்துவிட்டது. ஆனால் சொல்லக் களைப்பாக இருந்தது.

‘அன்ரி, அவர் அல்பேட்டாவில இல்லை. மறியல்ல இருக்கிறார், ஜெயிலுக்குள்ள’ என்றேன்.

அன்ரி கோப்பியைக் கலக்கிக்கொண்டே சொன்னார்: ‘தெரியும் பிள்ளை. பேப்பரில வந்தது தானே.’

‘பின்னை ஏன் அட்ரஸ் கேட்டனீங்கள்?’

‘எத்தினை நாளைக்கு உந்த மனுசனைக் குளிருக்குள்ள விட்டுவைக்கப்போறாய் எண்டு பாத்தனான்.’

சிரித்தேன். அவர் அரைவாசி டோனட்டைப் பிய்த்து என் பக்கம் தள்ளினார். நீங்கள் போனபிறகு ஒருவரோடு உண்மையாக இருந்து சாப்பிட்டது இன்றுதான்.

வாகீசன், உங்கள் கம்பனியின் எந்த ட்ரக் ட்ரெய்லரில் என்ன சாமான் இருக்கிறதென்று கள்ளர்களுக்குச் சொல்லிக்கொடுத்தது நீங்கள் மட்டும்தான், மனைவிக்கு ஒன்றுமே தெரியாது என்று உங்கள் வழக்கறிஞர் நீதிமன்றத்தில் சொன்னார். மனைவியைக் காப்பாற்றிய நல்ல மனிதர் என்று என் தங்கைகூடச் சொன்னாள். அந்த ஒரு வரியால் நான் தப்பினேன். அந்த வரியைச் சொன்ன இடத்தில்தான் நான் தனியாளாகவும் போனேன். இரண்டு வருடம் நீங்கள் ஓவர்டைம் என்றீர்கள், நான் சோற்றை மூடி வைத்தேன். உங்கள் முகத்தில் எதையும் காணாத அந்த மனைவி நான்தான் என்பதை இன்னும் என்னால் தாங்க முடியவில்லை. களவை மன்னிக்கச் சட்டம் ஒரு வழி வைத்திருக்கிறது. இதற்கு எனக்கு வழி தெரியவில்லை.

தெரிந்திருந்தால் நான் உங்களுக்கு உதவியிருக்க மாட்டேன். சண்டை பிடித்திருப்பேன், வேலையை விடச் சொல்லியிருப்பேன், கௌசியைக் கூட்டிக்கொண்டு தங்கையிடம் போயுமிருப்பேன். அதையெல்லாம் செய்ய எனக்கு ஒரு சந்தர்ப்பமாவது கிடைத்திருக்கும்.

சபைக்கு எழுதுவேன். அதற்கு முன் நீங்கள் எனக்கு எழுத வேண்டும். வழக்கறிஞருக்குச் சொன்னதை எழுத வேண்டாம். முதல் முறை அந்தக் கள்ளர்களுக்கு விபரம் சொன்ன அன்று வீட்டுக்கு வந்து என்ன சாப்பிட்டீர்கள், நான் என்ன கேட்டேன், நீங்கள் என்ன சொன்னீர்கள், எனக்குச் சொல்ல ஒரு தரமாவது வாய்வரை வந்ததா என்று எழுதுங்கள். எனக்கு நோகுமென்று எதையும் விட வேண்டாம். இனி என்னைக் காப்பாற்ற வேண்டாம்.

உங்களுக்கு நிம்மதியான நித்திரை வரவேண்டுமென்று ஒவ்வொரு நாளும் கும்பிடுகிறேன், கோபம் வந்த நாட்களிலும். நீங்கள் வந்து மணியடித்தால் கதவைத் திறக்கப்போவது நான்தான். யாருக்குத் திறக்கிறேன் என்று எனக்குத் தெரிய வேண்டும்.

உங்கள் பதிலைப் பார்த்திருக்கும்,
நிரூபா