கல்யாண அண்டாவில் கஞ்சி

வண்டியூர்,
வைகை வடிந்த வாரம்

என் அகத்துக்காரருக்கு, கோபம் தணிந்த பிறகு படிக்கவும்.

தாலுகா ஆபீசிலிருந்து நீங்கள் இந்த வெள்ள முகாமுக்கு நிவாரண அரிசி அனுப்பினீர்கள். சேவா சங்கத்துக்காரர்கள் விறகு கொண்டுவந்தார்கள். கோயில் கமிட்டியார் மட்டும், சேரி ஜனங்களுக்குக் காய்ச்ச அண்டா தரமாட்டோம் என்றுவிட்டார்கள். குழந்தைகள் வேகாத அரிசியை மென்றுகொண்டிருந்தன. நம் கல்யாணச் சீர் அண்டாவை வண்டியில் ஏற்றிக்கொண்டு நானும் இங்கே வந்துவிட்டேன்.

எல்லாத் தரப்பும் ஒத்துழைத்ததாகக் கலெக்டருக்கு எழுதினீர்களாமே. அந்த ஒத்துழைப்பு நம் அண்டாவில்தான் கொதிக்கிறது.

கஞ்சி காய்ச்சுகிறவள் சேரியிலிருந்து வந்த ஒச்சாயி. "நாங்க காய்ச்சுனத நீங்க குடிப்பீகளாம்மா?" என்று கேட்டாள். குடித்தேன். உப்பு கொஞ்சம் தூக்கல்.

பிராயச்சித்தம் செய்துகொண்டுதான் வீட்டுக்குள் வரவேண்டும் என்று எழுதியிருக்கிறீர்கள். அண்டாவைத் தினமும் புளி போட்டுத் தேய்க்கிறோம். நானும் தினமும் குளிக்கிறேன். அதற்கு மேல் ஒரு சுத்தமும் செய்வதாக இல்லை.

இங்கே வேலை முடிந்ததும் அண்டாவும் நானும் இப்படியே வருவோம். கதவைத் திறப்பதானால் சொல்லி அனுப்புங்கள். திறக்காவிட்டாலும் சரி, அரிசியை மட்டும் நிறுத்திவிடாதீர்கள்.

இன்றும் அதே கஞ்சியைக் குடித்த,
உங்கள் சம்சாரம்