நிலாங்கா திருநாமச் சரித்திரம்

பீளமேடு, கோவை.
செவ்வாய்க்கிழமை.

ஜெர்மனி தேசத்து ஸ்டுட்கார்ட் மாநகரில் எழுந்தருளி அங்கே ஓடுகிற கார்களுக்கெல்லாம் பிரேக் பிடிக்கக் கற்றுக்கொடுத்துக்கொண்டிருக்கும் என் அக்கா மகள் அம்மணி நிலாங்காவுக்கு, அன்பு டிஜிட்டல் பிளெக்ஸ் கடையின் நிறுவனர், அதிபர், ஒரே தொழிலாளி ஆகிய உன் தாய்மாமன் அன்புமணி எழுதுவது. இங்கே நாங்கள் எல்லோரும் குண்டுக்கல் மாதிரி இருக்கிறோம். நீ அங்கே அதைவிட ஒரு சுற்று கூடுதலாக இருக்க வேண்டும் என்று மாசாணியம்மனுக்கு உத்தரவு போட்டிருக்கிறேன், அம்மனும் சரி என்று தலையாட்டியதாகத்தான் எனக்குத் தோன்றியது.

முதலில் ஊர்ச் செய்தி. உன் அம்மாவின் முழங்கால் வலி பாதி போய்விட்டது, மீதிப் பாதியை வருகிறவர்களிடம் சொல்லுவதற்காக வைத்திருக்கிறாள். என் மகள் யுவஸ்ரீ ஸ்கூட்டி லைசென்ஸ் வாங்கிவிட்டாள், அன்றிலிருந்து பீளமேட்டு ஜனங்கள் குலதெய்வத்தை நினைத்துக்கொண்டுதான் ரோட்டைக் கடக்கிறார்கள். பொள்ளாச்சியில் போன வாரம் பெய்த மழையில் உங்கள் வீட்டுத் தென்னை ஒரே நாளில் ஒரு முழம் வளர்ந்தது, நான் பக்கத்தில் நின்று பார்த்தேன், வளருகிற சத்தம்கூடக் கேட்டது. உங்கப்பா வழக்கம்போல வால்பாறை பஸ்ஸில் நாற்பது கொண்டை ஊசி வளைவுக்கும் மரியாதை கொடுத்துக்கொண்டு போய் வருகிறார். தமிழ்நாட்டில் எத்தனையோ கண்டக்டர்கள் இருக்கலாம், ஆனால் டிக்கெட் எடுக்காமல் ஏறினவனைப் பிடித்து ‘ஏனுங்க, தப்பா நெனைச்சுக்காதீங்க, ஒரு டிக்கெட் வாங்கிப்போட்டீங்கன்னா எனக்கு நிம்மதியா இருக்குமுங்க’ என்று கேட்கிற கண்டக்டர் உங்கப்பா கதிரேசன் ஒருவர்தான். அட்டகட்டி பக்கம் ரோட்டை மறித்து நின்ற யானையிடம் ‘கொஞ்சம் ஓரமா நில்லுங்க, பஸ்ஸுல பரீட்சைக்குப் போற புள்ளைக இருக்குதுங்க’ என்றாராம், யானையும் வெட்கப்பட்டு ஒதுங்கியதாம். இதில் யானை வந்தது மட்டும்தான் நிஜம். ஆனால் அவர் அப்படிச் சொல்லியிருக்க மாட்டார் என்று சத்தியம் செய்ய நம் சொந்தத்தில் ஓர் ஆள் கிடையாது.

இந்தக் காலத்தில் மாமன் ஏன் காகிதத்தில் எழுதித் தபாலில் போடுகிறான் என்று யோசிப்பாய். போனில் அனுப்பினால் நீ அதை அம்மாவுக்குத் தட்டிவிடுவாய், அவள் கண்ணாடியைத் தேடி எடுத்து அப்பாவுக்கு முழுசாக வாசித்துக் காட்டுவாள். அவர் பேசக்கூடாது என்று வைத்திருக்கிற ஒரு விஷயத்தைத்தான் நான் இப்போது பேசப் போகிறேன். அதனால் படித்துவிட்டு மூச்சு விடாதே.

போன ஞாயிற்றுக்கிழமை நீ போனில் சொன்னாயே, உன் ஆபீஸுக்குப் புதிதாக வந்திருக்கிற சென்னைப் பையன் உன் பெயரைக் கேட்டுச் சிரித்தான் என்று. நிலாங்கா என்று தமிழிலும் சொல் இல்லை, சமஸ்கிருதத்திலும் இல்லை, யாரோ வாயில் வந்ததை வைத்துவிட்டார்கள் என்றானாம். நீயும் இன்டர்நெட்டில் குழந்தைப் பெயர்ப் பட்டியல் எல்லாம் தேடிப் பார்த்தாய், ஒன்றில் ‘அமைதியானவள், அதிர்ஷ்ட எண் ஏழு’ என்று போட்டிருந்தது. உன்னை அமைதியானவள் என்று எழுதினவன் உன்னோடு ஒரே ஒரு தடவை கேரம் விளையாடியிருந்தால் பட்டியல் போடுகிற தொழிலையே விட்டிருப்பான். கடைசியில் நீ, அர்த்தமில்லாத வால் எதற்கு, நிலா என்றே கெஜட்டில் மாற்றிக்கொள்கிறேன், எப்படி மாற்றுவது என்று விசாரியுங்கள் மாமா என்றாய். இந்தக் குடும்பத்தின் வெளிவிவகாரத்துறை நான்தானே, மறுநாளே கடையைச் சாத்திவிட்டு விசாரிக்கப் போனேன். அதற்கென்று தட்டச்சு செய்து தருகிற ஒரு அம்மணி பழைய பெயரைக் கேட்டார், சொன்னேன். புதுப் பெயரைக் கேட்டார், சொன்னேன். மாத்தறதுக்கு என்ன காரணம்னு போடட்டுமுங்க என்று கேட்டார். பூப்பு நன்னீராட்டு விழாவுக்கு நாற்பதடி பேனரில் நிற்காமல் வாசகம் எழுதுகிற உன் மாமன் அன்றைக்கு அந்த ஒரு வரியைச் சொல்லாமல் செருப்பை மாட்டினான். நாளைக்கு வாரேனுங்க என்று சொல்லித் திரும்பிவிட்டேன்.

சின்ன வயதில் நீ அர்த்தம் கேட்கும்போதெல்லாம் நான் ஒவ்வொரு தடவையும் ஒவ்வொன்று சொல்வேன். நிலாவுக்கு முதலில் போன அணிலின் பெயர் என்றேன். நிலாவையே அங்கமாகக் கொண்டவள் என்றேன். சேர நாட்டு இளவரசி ஒருத்தி நொய்யலை ஒரே தாண்டாகத் தாண்டினாள், அவள் பெயர் என்றேன். நீ மூன்றையும் நம்பினாய், வகுப்பில் போய் அணில் கதையைச் சொல்லி டீச்சரிடம் திட்டும் வாங்கினாய். ஆனால் கண்ணு, மெய்யான சரித்திரம் இந்த மூன்றையும்விடப் பெரியது. இதில் ஒரு சொட்டுக்கூட மாமன் தண்ணீர் கலக்கவில்லை.

நீ பிறந்தபோது உனக்கு வைத்த பெயர் நிலாதான். உங்கப்பாதான் தேர்ந்தெடுத்தார். வானத்துல இருக்கறது எந்தத் தோட்டத்துக்காரருக்கும் சொந்தமில்லைங்க, அந்தப் பேரே இருக்கட்டுங்க என்றார். அப்போது எனக்கு அது புரியவில்லை, பையன் கவிஞனாகிவிட்டான் போலிருக்கிறது என்று பயந்துபோனேன். அம்மாவும் நீயும் ஆஸ்பத்திரியில் இருந்தீர்கள், உங்கப்பா டூட்டி முடிந்து காக்கி உடுப்போடு நேராக அங்கே வந்தார், நான் ஃபிளாஸ்க்கில் டீயோடு வந்தேன். தடுப்பூசி அட்டை எழுத வந்த நர்ஸ் பாலக்காட்டுப் பக்கம், வேலைக்குச் சேர்ந்து கொஞ்ச நாள்தான், நம் ஊர்ப் பேச்சு இன்னும் காதுக்குப் பழகவில்லை. குட்டிக்குப் பேரு என்ன என்று கேட்டார். உங்கப்பா எழுந்து நின்று, கையைக் கட்டிக்கொண்டு, தலையைக் கொஞ்சம் குனிந்து சொன்னார், ‘நிலாங்க.’

நர்ஸ் பாவம், காதில் விழுந்ததை அப்படியே எழுதிக்கொண்டு போய்விட்டார். கொஞ்ச நேரம் கழித்துக் கதவோரம் வந்து நிலாங்கா, நிலாங்காவோட அச்சன் ஆரு என்று கூப்பிடுகிறார். ஒருவரும் எழுந்திருக்கவில்லை. நான்காவது தடவை எனக்குப் பொறி தட்டியது. சிரித்த சிரிப்பில் டீ முழுவதும் என் சட்டையில், ஆஸ்பத்திரி கட்டடமே ஒரு அங்குலம் நகர்ந்தது. நான் எழுந்து போய், சிஸ்டர், பேரு நிலா மட்டுந்தானுங்க, மிச்சம் மரியாதைங்க என்று சொன்னேன். அவரும் சிரித்துவிட்டுப் பேனாவை எடுத்து அடிக்கப் போனார். அப்போதுதான் உங்கப்பா குறுக்கே வந்தார். அடிச்சுப்போடாதீங்க சிஸ்டர் என்றார். இன்னொருக்கா கூப்புடுங்க என்றார். நர்ஸம்மாவுக்கு ஒன்றும் புரியவில்லை, இருந்தாலும் சத்தமாக நிலாங்கா என்று கூப்பிட்டார். உங்கப்பா கண்ணை மூடிக்கொண்டு அதைக் கேட்டார். பிறகு அதுவே இருக்கட்டுங்க என்று அட்டையை வாங்கிச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார்.

வெளியே வந்ததும் நான் சண்டைக்குப் போனேன். ஊரே சிரிக்கும், எங்கக்கா பொண்ணு பேரை ஒரு ஒட்டு வாலோட வெக்கறதா என்றேன். அவர் என்னிடம் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். ‘மாப்ளைங்க, எங்கப்பன் மாசாணம் ஆயுசு பூரா பண்ணையாளா இருந்த தோட்டத்துல எல்லாருக்கும் ங்க போட்டாருங்க. ஒருத்தரும் திருப்பிப் போட்டதில்லைங்க. தோட்டத்துக்காரர் ஊட்டுப் பையன் எட்டு வயசு, எங்கப்பனை டேய் மாசாணம், இங்க வாடான்னு கூப்புடும். எங்கப்பன் வந்துட்டனுங்க சாமின்னு ஓடுவாருங்க. நான் பாத்துட்டு நிப்பனுங்க. இனி எம் புள்ளைய எவரு பேரு சொல்லிக் கூப்புட்டாலும் ங்க போட்டுத்தான் கூப்புடோணும். வேண்டாம்னு நெனைச்சாலும் முடியாதுங்க, பேரோட ஒட்டிக்கிச்சுல்லங்க.’ இதைச் சொல்லிவிட்டு அவர் சிரித்தார். நான் சிரிக்கவில்லை. நான் சிரிக்காத நாட்கள் என் ஜாதகத்திலேயே இரண்டு மூன்றுதான், அதில் அது ஒன்று.

அன்றைக்கே என்னிடம் கையடித்து வாங்கிக்கொண்டார், இதை வீட்டில் பேசக்கூடாது என்று. பேரைக் கேட்டா புள்ளை சிரிக்கோணுமுங்க, எங்கப்பன் பட்டது அது தலையில எதுக்குங்க என்றார். அதனால்தான் நான் அணிலையும் இளவரசியையும் கூட்டிக்கொண்டு வர வேண்டியதாயிற்று.

நீ பத்தாவதில் பள்ளிக்கே முதலாவதாக வந்து பரிசு வாங்கின நாள் ஞாபகம் இருக்கிறதா. சிறப்பு விருந்தினர் என்று மாலை போட்டு மேடையில் உட்கார வைத்திருந்தார்களே ஒரு வெள்ளைச் சட்டைக்காரர், அவர்தான் அந்த எட்டு வயதுப் பையன், வளர்ந்து, காதோரம் நரைத்து, தோட்டத்துக்கு முதலாளி ஆகியிருந்தார். பரிசுப் பெயர்களை மைக்கில் அவர்தான் வாசித்தார். க. நிலாங்கா என்றார். நீ மேடைக்குப் பின்னால் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தாய், வரவில்லை. மறுபடியும் நிலாங்கா என்றார். காக்கியோடு கடைசி வரிசையில் நின்றிருந்த உங்கப்பா என் கையைப் பிடித்தார், எலும்பு நொறுங்குகிற பிடி. மூன்றாவது தடவை அந்த மனிதர், நிலாங்கா வாங்க, எங்கிருந்தாலும் மேடைக்கு வாங்க என்றார். ஒரு ங்க வாயில் வந்துவிட்டால் அதன் தம்பிமாரெல்லாம் பின்னாலேயே வந்துவிடுவார்கள் அம்மணி, நம் ஊர் நாக்கு அப்படி. நான் கைதட்டினேன் பார், அந்தச் சத்தத்தில் வால்பாறை யானைகள் கேரளாவுக்கு இடம்பெயர்ந்தன. உங்கப்பா அழுதார். ஏன் என்று நீ கேட்டதற்குத் தூசி விழுந்துவிட்டது என்றார். நீயும் நம்பி அவர் கண்ணில் ஊதிவிட்டாய்.

இப்போது போன ஞாயிற்றுக்கிழமைக்கு வருகிறேன். உங்கள் வீட்டில் நான் சாப்பிட்டுக்கொண்டிருக்க, நீ பெயரை மாற்றுவதாகச் சொன்னதும் உன் அம்மா போனைக் கையால் பொத்திக்கொண்டு அவரைப் பார்த்தாள். அவர், அவங்க இஷ்டமுங்க, தாராளமா மாத்திக்கட்டுங்க என்றார். சொல்லிவிட்டு உள்ளே போய் விசிலை எடுத்து வந்து வேட்டி முனையால் துடைக்க ஆரம்பித்தார். அன்றைக்கு அவருக்கு டூட்டி கிடையாது. நான் சாப்பிட்டு முடித்துக் கை கழுவி வருகிற வரைக்கும் துடைத்துக்கொண்டே இருந்தார். இன்னும் கொஞ்ச நேரம் விட்டிருந்தால் விசில் கண்ணாடியாகியிருக்கும், முகம் பார்த்துத் தலை வாரியிருக்கலாம்.

அதற்காக நீ மாற்றக்கூடாது என்று நான் எழுதவில்லை. பெயர் உன்னுடையது. ஆனால் அந்தச் சென்னைப் பையன் இன்னொரு தடவை அர்த்தம் கேட்டால் என்ன சொல்வது என்று நீ தெரிந்துகொள்ள வேண்டும் அல்லவா. உன் ஆறரை அடி மேனேஜர் காலையில் உன்னைப் பார்த்ததும் குட்டன் மார்கன் நிலாங்கா என்கிறார் என்று சொன்னாயே, கோயமுத்தூர் கிரைண்டரும் மோட்டாரும் கப்பலேறினது பெரிதா, கொங்கு நாட்டு ங்க விமானமேறி ஜெர்மன்காரன் வாயில் போய் உட்கார்ந்தது பெரிதா, நீயே சொல். தான் என்ன செய்கிறோம் என்று அவருக்குத் தெரியாது. தினமும் காலையில் மாசாணத்தின் பேத்திக்கு மரியாதை வைத்துவிட்டுத்தான் கம்ப்யூட்டரைத் திறக்கிறார். நான் இதை நினைத்து நினைத்துக் கடையில் தனியாகச் சிரிக்கிறேன், கல்யாண பேனர் வாங்க வந்தவர்கள் அட்வான்ஸ் கொடுக்கவே யோசிக்கிறார்கள்.

மாற்றுவதானால் ஒரு வார்த்தை எழுது, அந்தத் தட்டச்சு அம்மணியிடம் மறுபடியும் போகிறேன். காரணம் என்ன போடுவது என்பதை மட்டும் நீயே சொல்லிவிடு, என்னால் முடியாது. புதுப் பெயருக்கு உக்கடத்திலிருந்து பொள்ளாச்சி வரைக்கும் ஒரே பிளெக்ஸாக அடித்துவிடுகிறேன், நடுவில் வருகிற ஊர்களெல்லாம் நிழலில் குளிரட்டும்.

குளிருக்குக் காதை மூடிக்கொள், ராத்திரி வெறும் ரொட்டியைத் தின்றுவிட்டுத் தூங்காதே, அம்மா கொடுத்தனுப்பின பருப்புப்பொடியைச் சகாக்களுக்குக் கொடுத்தே தீர்த்துவிடாதே. மாசாணியம்மன் காவல் இருப்பாள், நீ நூறாண்டு இருந்து ஜெர்மனியில் உள்ள கார்களை எல்லாம் அடக்கி ஒடுக்கி வைக்க வேண்டும் என்று ஆசீர்வதிக்கிறேன். ஒன்றே ஒன்றை மறக்காதே. இந்தக் காகிதம் கைக்கு வந்த பிறகு வருகிற ஞாயிற்றுக்கிழமை நீ போன் செய்யும்போது அம்மாவைக் கேட்காதே, அப்பாவிடம் கொடுக்கச் சொல். அவர் முதலில் சொல்கிற சொல்லைக் காது கொடுத்துக் கேள். பிறந்த நாளிலிருந்து அவர் உன்னை நிலாங்கா என்று நீட்டிக் கூப்பிட்டதே கிடையாது, நிலாங்க என்றுதான் கூப்பிடுகிறார். பெயரை அவசரத்தில் சுருக்குகிறார் என்று நீ நினைத்திருப்பாய்.

இப்படிக்கு,
உன் பெயருக்குச் சாட்சியாக டீயைச் சட்டையில் கொட்டிக்கொண்ட தாய்மாமன்,
அன்புமணி.