மர வீட்டில் அம்மா பூசிய சிமெண்ட்

அன்பையும் அதட்டலையும் ஒரே குரலில் பேசிப் பழகிய என் அப்பாவுக்கு,

நீங்கள் போய் இரண்டு மழைக்காலம் முடிந்துவிட்டது. இங்கே நாங்கள் மூன்று பேரும் நலம். நானும் உங்கள் மாப்பிள்ளையும்தானே, மூன்றாவது யார் என்கிறீர்களா? அதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம்.

முதலில் வீட்டுச் செய்தி. குன்னூரிலிருந்து கோத்தகிரி போகிற வழியில், எங்கள் சின்னத் தேயிலைத் தோட்டத்தின் ஓரத்தில், மரத்தடிகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி உங்கள் மாப்பிள்ளை கட்டிக்கொண்டிருந்தாரே, அதே வீட்டில்தான் இருக்கிறோம். நீங்கள் வந்து பார்த்தபோது சுவர் இடுப்புயரத்துக்கு எழும்பியிருந்தது. தேங்காய் வாங்குகிற மாதிரி விரலை மடக்கி ஒரு தடியைத் தட்டிப் பார்த்தீர்கள்.

"ஏனுங்க மாப்பிள்ளை, டூரிஸ்ட்டுக்காரங்க ரெண்டு நாள் தங்கீட்டுப் போறதுக்கு இது சரீங்க. காலம்பூரா குடியிருக்கறதுக்கு ஆகுங்களா?" என்று கேட்டீர்கள்.

குன்னூர்ச் சரிவெல்லாம் கம்பியும் சிமெண்டுமாக வீடு கட்டிக் கொடுத்த மேஸ்திரி வேறு என்ன கேட்பார்? உங்கள் மாப்பிள்ளையோ ரிசார்ட்டுகளுக்கு மர அறை கட்டுகிறவர். "நாங்க இருக்கறதுக்குத்தானுங்க மாமா கட்டறேன்" என்று சொல்லிவிட்டு அடுத்த தடியைத் தூக்கப் போய்விட்டார். உங்களுக்குச் சரியான பதில் சொல்ல இப்போதுதான் நேரம் வந்திருக்கிறது. ஆகும் அப்பா. நன்றாகவே ஆகும்.

காலையில் பனி விலகி வெயில் பட்டதும் சுவர்கள் டக் டக்கென்று நெட்டி முறிக்கும். வந்த புதிதில் யாரோ கதவைத் தட்டுகிறார்கள் என்று ஓடி ஓடிப் போய்த் திறந்து ஏமாந்தேன். இப்போது அந்தச் சத்தம் கேட்டால் துணி காயப்போடக் கிளம்பிவிடுகிறேன். ஒருநாள் காட்டெருமை ஒன்று வந்து வீட்டு மூலையில் நின்று சாவகாசமாக முதுகைத் தேய்த்தது. அலமாரியில் டம்ளரெல்லாம் ஆடின. நான் நடுங்கிக்கொண்டிருக்க, உங்கள் மாப்பிள்ளை "பலம் பாத்துட்டுப் போகட்டும் உடு" என்று பெருமையாக டீ குடித்தார். மழைக்காலத்தில் புடவைகளில் பூஞ்சை பிடிக்கிறதுதான். அது உங்கள் சிமெண்ட் வீட்டில் பிடிக்காததா? ஆனால் அங்கே காலையில் தரையில் கால் வைத்தால் பல் கிட்டிவிடும். இங்கே செருப்பில்லாமல் நடக்கிறேன்.

இனி அம்மாவுக்கு வருகிறேன். போன மழையில் அம்மா நம் குன்னூர் வீட்டுப் படியில் வழுக்கி விழுந்தாள். ரோட்டிலிருந்து வீட்டுக்கு இறங்குகிற அந்தச் செங்குத்துப் படிகள்தான். எலும்பு எதுவும் முறியவில்லை. முட்டி வீங்கி எழுந்திருக்க முடியாமல், பக்கத்து வீட்டுக்காரர்கள் குரல் கேட்டு வரும்வரை மழையிலேயே உட்கார்ந்திருந்தாள். அதைக் கேட்ட நாளிலிருந்து எனக்குத் தூக்கம் போய்விட்டது. கையோடு இங்கே கூட்டி வந்தேன்.

"மழ உடற வரைக்கும்தான். அப்பறம் என்ற ஊட்டுக்குப் போயிருவேன். அவரு கட்டுன ஊட்ட எப்படிப் பூட்டி வெக்கறது?" என்று சொல்லிவிட்டுத்தான் ஆட்டோவில் ஏறினாள்.

அவள் திரும்பிப் போகவே கூடாது என்பதுதான் என் ஆசை. அதை எப்படிக் கேட்பது? 'இரும்மா' என்று கேட்டால் முடியாது என்றுதான் வாயில் வரும். உங்களுக்குத் தெரியாத அம்மாவா?

வந்தவள் இதை வீடு என்று ஒப்புக்கொள்ளவே இல்லை. போனில் யார் கேட்டாலும் "மக மரப்பொட்டீல இருக்கறேன்" என்பாள். முதல் வெள்ளிக்கிழமை, வீடு கழுவுகிறேன் என்று வாளித் தண்ணீரைப் பலகைத் தரையில் கொட்டிவிட்டாள். உங்கள் மாப்பிள்ளை துண்டோடு மண்டியிட்டு ஒற்றி ஒற்றி எடுத்தார். "இந்த ஊட்டுக்குத் தொடச்சாலே போதுமுங்க அத்தை" என்றதற்கு, "கழுவாத ஊடு ஒரு ஊடுங்களா?" என்று திருப்பிக் கேட்டாள். நான் சமையலறைக்குள் போய்ச் சிரித்தேன்.

அடுத்து ஒரு சந்து விவகாரம். மரத்தடி காயக் காயச் சுருங்கும். அதனால் சுவர் மெல்ல மெல்லக் கீழே இறங்கும். அதற்கு இடம் கொடுக்க, கதவு நிலைக்கு மேல் நாலு விரல் அகலத்துக்குச் சந்து விட்டு, அது தெரியாமல் உங்கள் மாப்பிள்ளை பலகை வைத்து மறைத்திருக்கிறார். உங்களுக்குச் சித்தாளாக நின்று கல்லும் கலவையும் சுமந்த அம்மாவின் கண்ணுக்கு அது தப்புமா? ஒருநாள் பனி உள்ளே நுழைவதைப் பார்த்து, பலகைக்குப் பின்னால் கையை விட்டுவிட்டாள். அவர் விளக்கிச் சொன்னார். அம்மா தலையை ஆட்டினாள். அம்மா பேசாமல் தலையாட்டினால் அதற்கு என்ன அர்த்தம் என்று உங்களைக் கேட்டிருந்தால் சொல்லியிருப்பீர்கள்.

மழை விட்டது. பனிக்காலமும் வந்தது. நல்ல வெயிலாக அடித்த ஒரு காலையில் அம்மா புதுப்புடவை கட்டிக்கொண்டு, ஆட்டோவுக்குச் சொல்லிவிட்டேன் என்றாள். நான் அவளுக்குப் புளிச்சோறு கட்டினேன். வெளியே ஹாரன் சத்தம் கேட்டது. அம்மா கதவை இழுத்தாள். வரவில்லை. நான் இழுத்தேன். அவரும் இழுத்தார். அசையவே இல்லை. எங்களுக்கு இருப்பதே ஒரு வாசல்தான், ஜன்னலெல்லாம் கம்பி.

"அக்கா, உள்தாப்பாப் போட்டிருக்கீங்களா?" என்று வெளியிலிருந்து ஆட்டோக்காரத் தம்பி கேட்டான்.

"இல்லீங்க தம்பி!"

"அப்ப நான் தோள் குடுத்து மோதட்டுங்களா?"

"மோதிராதீங்க!" என்று உங்கள் மாப்பிள்ளை போட்ட சத்தத்தில் நானே பயந்துபோனேன்.

திருப்புளியை எடுத்து நிலைக்கு மேலிருந்த பலகையைக் கழற்றினார். அங்கே அந்தச் சந்தே இல்லை. இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை வழவழவென்று சிமெண்ட் பூச்சு, ஒரு கீறல் கிடையாது. இறங்கி வந்த சுவர் அதன்மேல் உட்கார்ந்து நிலையை அழுத்திப் பிடித்திருக்கிறது. அவர் என்னைப் பார்த்தார். நான் அம்மாவைப் பார்த்தேன். அம்மா கூரையைப் பார்த்தாள்.

"குளுரு அடிச்சுதுங்க மாப்பிள்ளை" என்றாள் மெதுவாக. "நீங்க ரெண்டு பேரும் லவ்டேலுக்குக் கல்யாணத்துக்குப் போன அன்னிக்கு வெச்சனுங்க. சமையக்கட்டு மேடைக்கு வாங்குன சிமெண்ட் மிச்சம் கெடந்துது. பொத்தல் இருந்தா அடைக்கோணுமில்லீங்க?"

முட்டி வீங்கிய மனுஷி நாற்காலி மேல் ஏறி நின்று பூசியிருக்கிறாள்! எனக்கு வந்த கோபத்துக்கு அளவே இல்லை. ஆனால் உங்கள் மாப்பிள்ளை அப்படியே தரையில் உட்கார்ந்து வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அதைப் பார்த்து நானும் சிரித்துவிட்டேன். இன்னொன்றையும் உங்களிடம் மட்டும் சொல்கிறேன். அந்தக் கதவு திறக்காததில் எனக்கு உள்ளுக்குள் ஒரே கொண்டாட்டம்.

சமையலறை ஜன்னல் கம்பி வழியாகத் தம்பிக்கு டீ கொடுத்தேன். இங்கே உளியும் சுத்தியலும் வேலையை ஆரம்பித்தன.

"என்ன கலவைங்க அத்தை போட்டீங்க? உளி எகிறுதுங்க!"

அம்மா முகத்தைப் பார்க்க வேண்டுமே. "அவரு சொல்லிக் குடுத்த கலவைங்க. லேசுல உடையாது. நடுவுல அடிக்காதீங்க மாப்பிள்ளை, ஓரத்துல இருந்து வாங்க" என்று நாற்காலியைப் போட்டு உட்கார்ந்து வேலை வாங்கினாள். உங்கள் அதட்டல் அப்படியே இருந்தது.

கடைசித் துண்டு விழுந்ததும் சுவர் நீளமாக ஒரு முனகல் முனகியது. அம்மா என் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். கதவு தானாகவே கொஞ்சம் விலகியது. அவள் எழுந்து போய், நிலைக்கு மேலிருந்த தடியில் உள்ளங்கையை வைத்து நின்றாள்.

"நெசமாவே எறங்குதே! நீங்க சும்மா சொல்றீங்கன்னு நெனச்சனுங்க. இன்னும் எத்தன நாளைக்குங்க எறங்கும்?"

"மூணு நாலு வருசம் ஆகுமுங்க அத்தை. அப்பப்பப் பாத்துட்டே இருக்கோணும்."

"நீங்க ரெண்டு பேரும் பொழுதுக்கும் வேலைக்குப் போயிருவீங்க. அப்பறம் யாரு பாக்கறது?"

அம்மா வாசலுக்குப் போய், "தம்பி, டீ குடிச்சீங்களா சாமி? இன்னிக்கு வண்டி வேண்டாம். இந்த ஊட்டுல எனக்கு வேல இருக்குது" என்றாள்.

நான் சமையலறைக்குப் போய் அழுதேன் அப்பா. சந்தோஷத்தில்தான். பிறகு மூவரும் உட்கார்ந்து அந்தப் புளிச்சோற்றைச் சாப்பிட்டோம்.

இப்போது அம்மாதான் இங்கே மேஸ்திரி. காலையில் எழுந்ததும் நிலைக்கு மேல் விரல் வைத்துப் பார்த்து மாப்பிள்ளைக்கு விவரம் சொல்கிறாள். அவரும் கைகட்டி நின்று கேட்டுக்கொள்கிறார். குன்னூர் வீட்டை நல்ல குடும்பமாகப் பார்த்து வாடகைக்கு விடச் சொல்லியிருக்கிறாள்.

இன்று காலை தோசை வார்த்துக்கொண்டே, என் முகத்தைப் பார்க்காமல் சொன்னாள்: "கண்ணு, உங்கப்பா படம் அங்கயேதான் செவுத்துல இருக்குது. அந்த மனுசன ஒத்தையில உட்டுட்டு நா மட்டும் எப்படி இங்க இருக்கறது? நாளைக்குப் போயிக் கூட்டிட்டு வா."

வருகிறேன் அப்பா. காலை முதல் பஸ்ஸுக்கே வருகிறேன். துண்டில் சுற்றி, ஜன்னலோரம் என் மடியில் வைத்துக் கூட்டி வருவேன். மர வீட்டுக்கா என்று முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்ளாதீர்கள். அம்மா தோசை வார்க்கும்போது நிமிர்ந்தால் நீங்கள் தெரிகிற மாதிரி ஓர் இடத்தில் உங்களை மாட்டுவேன். இது சத்தியம்.

உங்களை அழைத்துப் போக வருகிற
உங்கள் ஒரே மகள்,
சாந்தி