வெட்டின நாலு நிமிஷம்

திருவண்ணாமலை,
ஞாயிறு காலை

அன்பு மகள் எழிலுக்கு, அப்பா ராமதாஸ் எழுதிக்கொள்வது. நாங்க ரெண்டு பேரும் சௌக்கியம். டெல்லியில குளிர் ஜாஸ்தின்னு அம்மா கவலைப்படுறா, ஸ்வெட்டர் போட்டுக்கோ. இங்க தீபக் கூட்டம் இப்பதான் வடிஞ்சுது. வேங்கிக்கால் வரைக்கும் ஆட்டோ போக வழி கிடைக்குது.

இதைப் போன்ல சொல்லியிருக்கலாம். நீ குறுக்கே பேசுவ, எனக்குக் கோபம் வரும், பாதியில வெச்சிடுவேன். அதான் கடிதம்.

யாரை எடுத்தியோ அவங்களுக்குத்தான் முதல்ல படத்தைக் காட்டணும்ங்கிறது உன் வழக்கமாச்சே. நீ வர முடியாததால, உன் கேமராமேன் வளவன் நேத்து சாயங்காலம் அவங்க ஊர்ப் பள்ளிக்கூடத்துச் சுவத்துல துணி கட்டிப் போட்டான். நான் வேலை பாத்த ஊராச்சேன்னு நானும் போனேன். நீ கூப்பிடலதான். கூப்பிட்டாதான் போகணுமா என்ன?

படம் நல்லா வந்திருக்கு. உன் முதல் படத்தைப் போட்டப்போ கல்யாண மண்டபத்துல கரண்டைப் பிடுங்கினாங்களே, அன்னைக்கு இதெல்லாம் விட்டுட்டு குரூப் டூ எழுதுன்னு கத்தினவன் நான். இது உன் நாலாவது படம். என் பேச்சை நீ கேக்காதது நல்லதாப் போச்சு.

கன்னியம்மாள், அரசாங்கம் எடுத்துக்கிட்ட தன் நிலத்துல நின்னு, எங்க மல்லாட்டை விளைஞ்ச காட்டைத் தரிசுன்னு எழுதினது யாருன்னு கேக்குறா. அடுத்து நான் வரணும். வரல, மலைதான் வந்துச்சு. நம்ம வீட்டுக் கூடத்துல உக்காந்து நான் சொன்ன நாலு நிமிஷத்தையும் வெட்டிட்ட. அப்பா பென்ஷனுக்கு ஏதாவது ஆயிடும்னு பயந்திருப்ப. எனக்கு உடம்பே கூசிப் போச்சு.

படம் முடிஞ்சதும் எழுந்து, எழுதினவன் நான்தான்னு எல்லார் முன்னாடியும் சொன்னேன். நிலம் எடுத்த வருஷம் பயிர் பாக்க நான் காட்டுப் பக்கமே போகல. டீக்கடையில உக்காந்து, மேலேருந்து போன்ல சொன்னபடி எழுதிக் கையெழுத்துப் போட்டேன். அவங்க பயிருக்கு நட்ட ஈடே வரல.

கன்னியம்மாள் சத்தம் போடல. எங்களுக்கு அப்பவே தெரியும் சார், உங்க பொண்ணு எடுக்குறாளேன்னுதான் உங்க பேரைச் சொல்லலன்னு சொன்னா. எல்லாரும் தலையாட்டினாங்க. எழிலு, ஊரே உனக்காக வாயை மூடிக்கிட்டு இருந்திருக்கு. நீயும் மூடிக்கிட்டா இந்தப் படம் எதுக்கும்மா?

பென்ஷனுக்கு எது வந்தாலும் நான் பாத்துக்குறேன். அம்மாகிட்டயும் சொல்லிட்டேன். ராத்திரி பென்ஷன் புக்கை எடுத்து எடுத்துப் பாத்தா, காலையில காபி குடுத்தா.

படத்துல வர்ற ஒவ்வொருத்தர்கிட்டயும் சம்மதக் கையெழுத்து வாங்குறவ, என்கிட்ட மட்டும் வாங்கல. இந்தக் கடிதத்தையே வெச்சுக்கோ. அந்த நாலு நிமிஷத்தைத் திரும்பச் சேர்த்துடு. முகத்தை மறைக்காதே, பேரை மாத்தாதே. நீ நல்லா இருக்கணும், இன்னும் நிறைய படம் எடுக்கணும்.

சம்மதத்துடன்,
கு. ராமதாஸ்,
கிராம நிர்வாக அலுவலர் (ஓய்வு),
எழிலின் அப்பா.