இடிமுத்துவுக்குத் தொண்டை கட்டியிருக்கிறது

நவ. 3, திங்கள்

விடிந்ததிலிருந்து தூறல். ஆறு கலங்கல். குறுக்குத்துறைப் பக்கம் நடக்கப் போகவில்லை.

வாங்க வேண்டியது: கோமதிக்குத் தைலம், சோப்பு, மிளகு. மிளகு எனக்கு. வியாழக்கிழமை டப்பிங்.

டவுன் மளிகைக் கடையில் ஒருவர் கையைப் பிடித்துக்கொண்டார். "இடிமுத்து அண்ணாச்சிதான? ஒரே ஒரு தடவ அதச் சொல்லுங்க." எதை என்று கேட்கவே வேண்டாம். இருபத்திரண்டு வருஷமாக அந்த ஒரே வசனம். 'நான் வந்தா நாய்கூடக் குரைக்காது.' மஃப்ளரைத் தொட்டுக் காட்டினேன். "தொண்ட கட்டியிருக்கு அண்ணாச்சி." மனுஷனுக்கு முகம் சுருங்கிப்போயிற்று.

தொண்டையெல்லாம் கட்டவில்லை. நான் இடிமுத்துவாக நடித்த அந்தப் படத்தில் மீசை என்னுடையது, முறைப்பு என்னுடையது. குரல் மட்டும் சென்னையில் பாஸ்கரன் என்கிறவருடையது. எனக்குக் கீச்சுக் குரலாம், வில்லனுக்கு ஆகாதாம், மாற்றிவிட்டார்கள். ஆளை நான் பார்த்ததுகூட இல்லை. படம் ஓடிய புதிதில் கல்யாண வீடுகளில் என் குரலிலேயே சொல்லிப் பார்த்தேன். ஒரு வீட்டில் பிள்ளைகள் சிரித்தார்கள். இன்னொரு வீட்டில், "அவரு இவரு இல்லவே, வேற ஆளு" என்று பந்தியில் ஒருவர் சொன்னது காதில் விழுந்தது. அன்றைக்குக் கட்டிய மஃப்ளர். சித்திரை வெயிலிலும் கழற்றுவதில்லை.

எங்கள் தெரு நாய் மட்டும் என்னைக் கண்டால் விடாமல் குரைக்கிறது. அதற்கு விஷயம் தெரியும்.

நவ. 5, புதன்

மழை விட்டது. கொடியில் துணி காயவில்லை.

பாத்திமா போன் செய்தாள். புதுப் படத்தின் இயக்குநர், காயல்பட்டினத்துப் பெண், அவளுக்கு இது முதல் படம். அம்பாசமுத்திரம் பஸ் ஸ்டாண்டிலேயே எடுத்து முடித்துவிட்டோம். நான் டைம்கீப்பர். புருஷன் வீட்டில் பட்டது போதும் என்று கைக்குழந்தையோடு ஒரு பெண் வந்து, ஏறுவதா திரும்புவதா என்று தெரியாமல் பஸ் வாசலில் நிற்கிறாள். அவளிடம் நான் சொல்வது: "எடம் கெடக்கு தாயி, ஏறு." மொத்தப் படமும் அந்த ஒரு வரியில்தான் நிற்கிறது.

"அண்ணாச்சி, கோவப்படாதீங்க. தயாரிப்பாளர் பாஸ்கரன் சார வரச் சொல்லிட்டாரு. இடிமுத்து மொகத்துக்கு இடிமுத்து கொரலத்தான் சனம் எதிர்பாக்குமாம். நாளைக்கு நீங்க பேசுங்க, மறுநா அவரு. ரெண்டையும் கேட்டுட்டு முடிவு பண்ணுவாராம். இன்ஷா அல்லா, நமக்குத்தான் அமையும்."

எனக்கு என்ன கோபம் என்றேன். போனை வைத்த பிறகு வந்தது. கட்டியவள்தானே, கோமதி மேல் காட்டினேன். சாம்பாரில் உப்பு சரியாகத்தான் இருந்தது.

வயது அறுபத்தொன்று. இந்தப் படத்திலும் என் குரல் போனால் அப்புறம் எந்தக் காலத்திலும் இல்லை. பயமாக இருக்கிறது.

நவ. 6, வியாழன்

பாளையங்கோட்டை. ஒரு வீட்டு மாடியில் டப்பிங் அறை. ஜன்னலெல்லாம் மெத்தை வைத்து அடைத்திருக்கிறார்கள். மஃப்ளரைக் கழற்றச் சொன்னார் ஒலிப்பதிவாளர். துணி உரசுகிற சத்தம் மைக்கில் விழுகிறதாம்.

முதல் மூன்று டேக்கும் பாழ். அடிவயிற்றிலிருந்து இழுத்து, கனமாக, நிறுத்தி நிறுத்திப் பேசிக்கொண்டிருக்கிறேன். யார் இது? பாஸ்கரன்! இருபத்திரண்டு வருஷமாக அந்த ஆளைத் திட்டித் திட்டி, கடைசியில் அவர் பேச்சையே மனப்பாடம் செய்து வைத்திருக்கிறேன். வெட்கக்கேடு.

பாத்திமா உள்ளே வந்தாள். "அண்ணாச்சி, இது யாரு பேசுதது? அந்தப் புள்ள பயந்து ஓடிரும். வீட்டுல மதினியச் சாப்பிடக் கூப்பிடுவீங்கள்லா, அப்பிடிக் கூப்பிடுங்க."

கோமதியைக் கூப்பிடுகிற குரல்தானே. அதற்கு ஒரு ஒத்திகையா? சொன்னேன். போதும் என்று விளக்கை அணைத்துவிட்டார்கள். நல்லதா கெட்டதா தெரியாமல் வீடு வந்தேன். ரசம் நன்றாக இருந்தது. இன்று அதைச் சொல்லியும் விட்டேன்.

நவ. 7, வெள்ளி

எனக்கு வேலை இல்லை. ஆனாலும் போனேன். அந்த ஆளை ஒருதரம் நேரில் பார்த்துவிடுவது என்று.

பாஸ்கரன் என் தோள் உயரம்தான். வழுக்கை. சட்டைப் பையில் மிளகுப் பொட்டலம். என்னைக் கண்டதும் எழுந்து நின்றுவிட்டார். "சார், இடிமுத்துக்குப் பேசுனது நான்தான்னு சொன்னா எங்க தெருவுலயே யாரும் நம்ப மாட்டேங்கிறாங்க. மீசை எங்கேன்னு கேக்குறாங்க." நான் திட்டுவதற்காகச் சேர்த்து வைத்திருந்ததெல்லாம் எங்கே போனதோ.

நேற்று நான் பேசியதை ஹெட்போனில் கேட்டார். இன்னொரு தடவை போடச் சொன்னார். கழற்றி வைத்துவிட்டுத் தயாரிப்பாளருக்கு எல்லோர் முன்னாலும் போன். "சார், நான் பேசுனா அந்தப் பொண்ணு பஸ்ல ஏற மாட்டா. இவர் சொன்னாத்தான் ஏறுவா. என்னை விட்டுருங்க." அரைமணி நேரம் பேசி ஒப்புக்கொள்ள வைத்தார்.

டவுனுக்குக் கூட்டிப்போய் அல்வா வாங்கிக் கொடுத்தேன். கடை வாசலில், "இப்பம் நீங்க சொல்லுங்க" என்றேன். சொன்னார். 'நான் வந்தா நாய்கூடக் குரைக்காது.' ரத வீதியே திரும்பிப் பார்த்தது. என் முகத்தைத்தான்! இரண்டு பேரும் சிரித்துச் சிரித்துப் புரையேறிவிட்டது.

ஜன. 23, வெள்ளி

புது டைரி. பழையதில் இடமில்லை.

படம் இன்று. டவுன் தியேட்டரில் காலைக் காட்சி. முக்கால்வாசிக் கூட்டம். கோமதி பட்டுப்புடவை. என் முகம் வந்ததும், "இடிமுத்தூ!" ஒரே விசில். வாயைத் திறந்தேன். பின்னால் நாலைந்து பேர் சிரித்தார்கள். அந்த நிமிஷம் எழுந்து ஓடிவிடலாம் போலிருந்தது. கோமதி கையை இறுகப் பிடித்துக்கொண்டாள்.

பஸ் காட்சி. "எடம் கெடக்கு தாயி, ஏறு." திரையில் அந்தப் பெண் தயங்குகிறாள். பின்வரிசையில் ஒரு அம்மாள், "ஏறிருட்டி! அதான் சொல்லுதாருல்லா, ஏறிரு!" கூட்டம் மொத்தமும் கைதட்டிற்று. அவள் ஏறினாள்.

ஜெயித்துவிட்டேன். என் குரலிலேயே ஜெயித்துவிட்டேன். பாஸ்கரன் போன் செய்து அழுதார். நானும்தான்.

ஜன. 25, ஞாயிறு

நல்ல வெயில். அம்பாசமுத்திரத்தில் கோமதியின் சித்தி பேத்திக்குக் கல்யாணம். பழக்கதோஷம், மஃப்ளரோடுதான் போனேன்.

தாலி கட்டி முடிந்ததும் பெண்ணின் தாய்மாமன் மைக்கோடு வந்தார். "அண்ணாச்சி, அந்த வசனம் ஒருக்கா." கை தானாகக் கழுத்துக்குப் போயிற்று. "தொண்ட கொஞ்சம்..."

"நாய் வசனம் இல்ல அண்ணாச்சி. அது யாருக்கு வேணும்? பஸ் வசனம்."

மஃப்ளரைக் கழற்றிக் கோமதியிடம் கொடுத்தேன். சொன்னேன். மறுபடியும் என்றார்கள். பெண்ணுக்காக ஒன்று, மாப்பிள்ளைக்காக ஒன்று, சமையல்காரர்கள் கரண்டியோடு வந்து நின்றார்கள், அவர்களுக்காக ஒன்று. பஸ் ஸ்டாண்டிலும் விடவில்லை. எத்தனை தடவை என்று எண்ணவில்லை.

இப்போது நிஜமாகவே தொண்டை கட்டிவிட்டது. காற்றுத்தான் வருகிறது. கோமதி சிரித்துக்கொண்டே மிளகு தட்டுகிறாள்.